கிடா துலுக்கிருச்சு

தேவாரம் ஊருக்கு மேற்கே, மலையடிவாரத்து முனியாண்டி கோயில் முன்னால் சினிமாப் படம் பிடிக்க வந்திருந்தார்கள். 1940ஆம் வருஷம், சித்திரை மாதம். டைரக்டர் ராஜமணிக்கு எதையும் நேராகச் சொன்னால் பிடிக்காது. படத்தில் கிழவனுக்கு வாழ்க்கைப்படப் போகிற பெண்ணைக் காட்டுவதற்கு முன்னால், மாலை போட்ட ஓர் ஆட்டுக்கிடாவைக் காட்ட வேண்டுமாம். பார்க்கிறவர்கள் தாங்களே புரிந்துகொண்டு அழுவார்களாம். பெரிய மூளைக்காரர்தான்.

கிடா ராமுத்தாயுடையது. புருஷனும் பிள்ளையும் காலராவில் போய்ச் சேர்ந்த மாதம், தாயில்லாமல் கிடந்த குட்டியைச் சங்கில் பால் புகட்டி வளர்த்தாள். சாமிக்கு வெட்ட எத்தனையோ பேர் கேட்டும் கொடுக்காதவள், "படம்தானே, ஒரு நாழிகையிலே திருப்பித் தந்துடறோம்" என்றதை நம்பிக் கொண்டுவந்து நிறுத்தினாள்.

மாலை போட்டாயிற்று. ஆனால் ரோமம் மங்கலாகத் தெரிகிறதாம். "தண்ணி ஊத்துங்கப்பா, மினுமினுன்னு இருக்கணும்" என்றார் டைரக்டர்.

ராமுத்தாய்க்கு உயிரே போய்விட்டது. "ஐயா, கோயில் முன்னாடி ஊத்தாதீக! இங்கன வேணாம்யா!" என்று அவள் ஓடிவருவதற்குள் ஒரு குடம் தண்ணீர் கிடாவின் தலையிலேயே கவிழ்ந்தது. கிடா உடம்பைச் சிலிர்த்து உதறியது.

"துலுக்கிருச்சுடோய்!" வேடிக்கை பார்க்க வந்த ஊரே கத்தியது. பெண்கள் குலவை போட்டார்கள். தன் கலைக்குத்தான் இந்த மரியாதை என்று நினைத்து டைரக்டர் கையெடுத்துக் கும்பிட்டார்.

பூசாரி வீரணன் முன்னால் வந்தார். "மாலை போட்டு, தண்ணி ஊத்தி, சன்னதியில துலுக்கிருச்சு. வெட்டச் சொல்லி சாமி உத்தரவு குடுத்தாச்சு, ராமுத்தாயி. இனி அது வீட்டுக்கு வரக்கூடாது."

அவள் டைரக்டரின் காலில் விழுந்தாள். "நேந்துக்கிட்டு ஊத்தலைன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க சாமி. படத்துக்குத்தேன் ஊத்துனதுன்னு சொல்லுங்க."

விஷயம் விளங்கியதும் அந்த மனுஷர் முகம் மலர்ந்தது. "ஊர் வழக்கத்திலே நான் குறுக்கே நிக்கலாமாம்மா?" என்றவர், கேமராக்காரரிடம் திரும்பினார். "கிடாவை அப்புறம் பார்த்துக்கலாம். முதல்லே இந்த அம்மா முகத்தை எடு."

பிறகு குனிந்து, மெத்தப் பணிவாகச் சொன்னார்: "கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்பி அழுங்கம்மா. மலையிலேருந்து மேகம் இறங்குது, வெளிச்சம் போயிடும்."

ராமுத்தாய் எழுந்தாள். முந்தானையால் கண்ணை அழுந்தத் துடைத்துக்கொண்டாள். கேமரா ஓடிக்கொண்டே இருந்தது. அரிவாள் இறங்கியபோதும் அவள் கண்ணிலிருந்து ஒரு சொட்டு விழவில்லை. தனக்கென்று இருந்த ஒரே உயிருக்கு அழக்கூட விடாமல் செய்துவிட்டான், பாவி.