விட்மர் கார்டனில் பொழுது சாய்ந்ததும்

பொழுது சாய்ந்ததும் கோமளம் மகன் வீட்டு சோபாவிலிருந்து மறைந்து, விட்மர் கார்டன் மெயின் கேட்டுக்கு வெளியே செருப்பில்லாமல் நிற்பாள். பெங்களூர் ஓரத்து அத்திபெலே பக்கத்தில் இது தக்காளி விலை ஏறுவதைப் போலச் சாதாரணமாகிவிட்டது. விட்மர் என்பவர் அமெரிக்காவில் நிலம் வாங்கி மனை பிரித்து விற்றவர். செத்து நூறு வருஷமாகிறது. பெங்களூரை வரைபடத்தில்கூடப் பார்த்ததில்லை. இங்கே லேஅவுட் போட்டவர்கள் அவருடைய வளைந்த ரோடு, புல்தரை, வேலி எல்லாவற்றையும் அப்படியே காப்பி அடித்தபோது, அவர் போட்ட விதியும் கூடவே வந்துவிட்டது: வேலிக்குள் சம்பளத்துக்கு உழைத்தவர் எவரும் இருட்டியபின் உள்ளே தங்கலாகாது. கோமளம் அங்கே பல வருஷம் பாத்திரம் தேய்த்துத்தான் கிஷோரை இன்ஜினியர் ஆக்கினாள். அவன் அதே தெருவில் வீடு வாங்கினான். அந்த வீட்டில் ஒரு ராத்திரி படுத்து எழ வேண்டும், அவ்வளவுதான் அவள் ஆசை.

கிரகப்பிரவேசத்தன்று சாயங்காலம் குங்குமத் தட்டோடு வெளியே வந்து நின்றாள். கேட்டுக்கு வெளியே கூண்டில் உட்காரும் வாட்ச்மேன் மஞ்சுநாத் பழைய பழக்கம்.

"இன்னா கோமளம்மா, பஸ்ஸு போய்டுச்சா? இல்ல, மருமக தொரத்திட்டாளா?"

"இந்தத் தட்ட உள்ள குடுத்துருப்பா. வெள்ளி. தேடுவாங்க."

அத்தை கை சும்மா இராமல் பாத்திரம் தேய்ப்பதால்தான் இப்படி என்று மருமகள் தர்ஷினி பாத்திரங்களை ஒளித்து வைத்தாள். கோமளம் பகலெல்லாம் மடியில் கைவைத்து உட்கார்ந்தாள், பலனில்லை. கிஷோர் அவள் கையை இறுகப் பிடித்துக்கொண்டு பார்த்தான். வளையல் மட்டும் மிஞ்சியது. வேலையிலிருந்து ரிட்டயர் ஆன, லேஅவுட் சங்கத் தலைவர் சீனிவாசராகவன், விதியை எடுத்தால் வீட்டு விலை இறங்கிவிடும் என்றார். ராத்திரி படுக்க வேண்டுமே என்று கோமளம் வெளியே இருந்த பழைய வாடகை அறையைக் காலி செய்யவில்லை. கொஞ்ச நாளில் கிஷோர் அம்மாவைப் பிடித்து வைப்பதை விட்டுவிட்டு, மதியமே அவள் செருப்பைக் கேட்டுக்கு அனுப்பி வைக்கலானான்.

பிறகு கம்பெனிகள் ஆபீஸ் கட்டடங்களைக் காலி செய்து, சம்பள வேலையை வீட்டிலிருந்தே பாருங்கள் என்றன. முதல் நாள் சாயங்காலமே கிஷோரும் தர்ஷினியும் மடியில் லேப்டாப்போடு கேட்டுக்கு வெளியே கோமளத்தின் பக்கத்தில் வந்து உட்கார்ந்திருந்தார்கள். எதிர்வீட்டுக்காரர் பாதிப் பேச்சில் வந்து சேர்ந்தார், மீட்டிங்கை நிறுத்தவில்லை. உள்ளே சீனிவாசராகவன் மட்டும் தனியாகப் புல்லுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார்.

கோமளம் அறைக்குப் போய்ப் பாய் கொண்டுவந்து விரித்தாள்.

"படு கண்ணு. காலைல உள்ள போய்ப் பல்லு வெளக்கிக்கலாம்."

மஞ்சுநாத் ஒரு தார்ப்பாய் கட்டிக்கொடுத்தான். இப்போது கேட்டிலிருந்து பஸ் ஸ்டாப் வரை வரிசையாகத் தார்ப்பாய்கள். கோமளத்துக்கு மகன் பக்கத்திலேயே இடம். மழைக்கு முன் தகரம் போட்டுவிடலாம் என்று பேசிக்கொண்டிருக்கிறார்கள்.