திக்குவாய் கான்ஸ்டபிள்

அண்ணன் கியோதகா என் கழுத்தைச் சுற்றி வெள்ளைத் துணியைக் கட்டினார். காமாட்டாவில் இருக்கும் அவருடைய முடிதிருத்தும் கடைக்குப் பதினோரு வருடம் கழித்து வந்திருக்கிறேன். எப்படிப் பேச்சைத் தொடங்குவது என்று தெரியாமல், முடி வெட்டிக்கொள்ள வந்தவனைப் போல நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன்.

நான் சினிமாவுக்குக் கதை வசனம் எழுதுகிறவன். அடிதடியும் சிரிப்பும் கலந்த படங்கள். முதல் படத்தில் ஒரு துரத்தல் காட்சி. திருடன் கூரை கூரையாகத் தாவி ஓடுகிறான். கீழே நிற்கும் கான்ஸ்டபிள் ‘நில்லு’ என்று கத்த வாயெடுக்கிறான். அந்த ஒரு சொல் வெளியே வருவதற்குள் திருடன் ரயிலேறிப் போய்விடுகிறான். தியேட்டரே குலுங்கியது. அந்தத் திக்கல் அண்ணனுடையது. முதல் எழுத்தில் மாட்டிக்கொண்டு இடது கண்ணைச் சுருக்குவதுகூட அவருடையதுதான். நடிகருக்கு நானே செய்து காட்டினேன்.

அந்தப் படம் வந்த புத்தாண்டுக்கு இங்கே வந்திருந்தேன். பள்ளிப் பிள்ளைகள் கடை வாசலில் நின்று, “நி... நி... நில்லு!” என்று கத்திவிட்டு ஓடினார்கள். அண்ணன் வாடிக்கையாளர்களிடம் பேசுவதையே விட்டிருந்தார். எவ்வளவு வெட்ட வேண்டும் என்று விரலால் கேட்டார். இதையெல்லாம் கண்ணால் பார்த்துவிட்டுப் போய்த்தான் அதே கான்ஸ்டபிளை வைத்து இரண்டாவது படத்தை எழுதினேன். அப்புறம் இன்னும் மூன்று.

இப்போது மூன்று வருடமாக வேலை இல்லை. போன வாரம் தயாரிப்பாளர் கூப்பிட்டார். ஒரே நிபந்தனை, கான்ஸ்டபிள் வேண்டும்.

“அண்ணே, இன்னொரு படம் கேக்குறாங்க. இந்தத் தடவை உங்களக் கேட்டுட்டு எழுதலாம்னு வந்தேன்.”

கத்தரிக்கோல் நிற்கவில்லை. துண்டுகளை மடித்துக்கொண்டிருந்த அண்ணி ஃபுசாயேதான் பேசினார்.

“மொதப் படத்துக்கு முன்னாடியே கேட்டிருக்கலாமே, தம்பி. சரின்னுதான் சொல்லியிருப்பாரு. எந்தம்பி சினிமாவுக்கு எழுதுறான்னு, வர்றவங்க போறவங்ககிட்டல்லாம் திக்கித் திக்கிச் சொல்லிட்டிருந்த மனுஷன்.”

அது எனக்குத் தெரியாது. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். துணிக்கு அடியில் என் கைகளை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

அண்ணன் கத்தரிக்கோலைக் கீழே வைத்தார். இடது கண் சுருங்கியது.

“எ... எ... எழுது,” என்றார். “ஆ... ஆ... ஆனா...”

பின்னால் தன் முறைக்குக் காத்திருந்த வாடிக்கையாளர் செய்தித்தாளை முகத்துக்கு நேராக உயர்த்தினார். தாள் லேசாகக் குலுங்குவது கண்ணாடியில் தெரிந்தது. அண்ணனும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த இடைவெளி எத்தனை விநாடி என்று என்னுள் ஒருவன் எண்ணிக்கொண்டிருந்தான். அவனை நிறுத்த என்னால் முடியவில்லை.

தாளின் குலுக்கல் அடங்கும்வரை அண்ணன் காத்திருந்தார். பிறகு மறுபடி கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு, இரண்டு விரல்களால் என் தலையை மெல்ல முன்னால் சாய்த்தார்.