தொடர்கதையில் விழுந்த ஓட்டை

வாருங்கள், இன்னும் கொஞ்சம் கிட்டே வந்து உட்காருங்கள் கண்ணுகளா. ஒரு கதை தருகிறேன். முழுசாகத் தருவேன் என்று மட்டும் எதிர்பார்க்காதீர்கள், அதை இப்போதே சொல்லிவிடுகிறேன்.

1

இந்தக் கதை ஒரு காலி இடத்திலிருந்து வந்தது. வியட்நாமைப் பிரெஞ்சுக்காரன் ஆண்ட காலத்து சைகோன் செய்தித்தாள் ஒன்று. நடுப்பத்தியில் ஒரு சாண் நீளத்துக்கு எழுத்தே கிடையாது. ஊர் மொழியில் வந்த தாள்களெல்லாம் அச்சேறும் முன் தணிக்கைக்குப் போய்வர வேண்டும். அங்கே கோடு போட்ட வரிகளை அச்சுக்கோப்பவர் பிடுங்கிப் போட்டுவிடுவார். வேறு எதையாவது வைத்து நிரப்ப நேரம் இருக்காது. (சில ஆசிரியர்களுக்கு மனமும் இருக்காது.) தாள் ஓட்டையோடு தெருவுக்கு வரும்.

அந்த ஓட்டைக்குப் பக்கத்தில் யாரை உட்காரவைக்கலாம் என்று யோசித்தேன்.

"மழை கொட்டிய ஒரு மாலையில் மாபெரும் எழுத்தாளர் ஹோ வான் தியெப் தம் பேனாவை எடுத்து, அடிமைத்தளையை——"

வேண்டாம். இப்படித் தொடங்கினால் மனுஷன் சிலையாகிவிடுவார். சிலைக்குப் பசிக்காது. இவருக்கு நன்றாகப் பசிக்கும்.

2

அவரை எல்லோரும் நாலண்ணன் என்றுதான் கூப்பிட்டார்கள்.*

சுங்க அலுவலகத்தில் எழுத்தராக இருந்தார். துரை ஒருவன் ஒரு சுமைகூலியை எட்டி உதைத்ததைப் பார்த்தார். அதை அப்படியே எழுதிப் பத்திரிகைக்குக் கொடுத்தார். வேலை போனது, பத்திரிகை வேலை வந்தது. தலையங்கம் எழுதினார், தீவுச் சிறைக்கு அனுப்பினார்கள். கல்லுடைத்துவிட்டு, பாதி உடம்பாகத் திரும்பிவந்தார். மறுபடி தலையங்கம் எழுதினால் மொத்தமாக வெட்டினார்கள். சரி, கதைக்குள் ஒளித்து எழுதுவோம் என்று தொடர்கதைக்கு வந்தார். அதையும் வெட்டினார்கள், என்ன, கொஞ்சம் தாமதமாக.

ஒரு வாழ்க்கையை இத்தனை வரியில் அடைத்துவிட்டேனே என்று கூச்சமாக இருக்கிறது. ஆனால் நான் காதலித்தது அவருடைய சிறைவாசத்தை அல்ல, அதற்குப் பிறகு அவர் செய்த ஒரு காரியத்தை. அவர் செய்தார் என்று நான் கற்பனை செய்த காரியத்தை.

*சைகோன் பக்கம் மூத்த பிள்ளையை 'இரண்டு' என்பார்கள். ஒன்று என்று சொன்னால் ஏதாவது பேய் காதில் விழுந்து தலைப்பிள்ளையைத் தூக்கிப்போய்விடுமாம். ஆக, நாலண்ணன் வீட்டுக்கு மூன்றாம் பிள்ளை. கட்டிக்கொண்டவளுக்கும் அதே எண்: நாலண்ணி.

3

எட்டக்கா கடைக்குப் போவோம். நொய்ச்சோறு, மேலே சுட்ட பன்றி இறைச்சி, கிண்ணத்தில் மீன் சாறு. அச்சகத்துக்கு எதிர்ச் சந்து. வண்டி இழுப்பவர்களும் அச்சகக்காரர்களும் குந்தி உட்கார்ந்து சாப்பிடுவார்கள். முடிவெட்டும் பத்தண்ணன் நாலண்ணனின் தொடர்கதையைச் சத்தமாக வாசிப்பார். ஓட்டை வந்தால் பலகையைத் தட்டுவார்.

"ஓட்டைடா! ஆளுக்கு ஒண்ணு சொல்லுங்க!"

"வார்டன் மாடிப்படியில உருண்டு விழுந்தான்!"

"போன வாரமும் அவனைத்தானே உருட்டுன? வேற எவனையாவது உருட்டு."

"கவர்னர் பொண்டாட்டி கோச்சுக்கிட்டுக் கப்பலேறிட்டா!"

"உன் பொண்டாட்டி போனத ஏன்டா ஊர்க்கதையில சேக்குற?"

எட்டக்கா சிரித்துக்கொண்டே இறைச்சியைத் திருப்புவாள். அவள் மட்டும் எந்த ஓட்டையையும் நிரப்பியதில்லை. தொடர்கதையின் நாயகன் பெயர் சாங், அவன் தீவுச் சிறையில் இருந்தான். அவள் புருஷனும் அங்கேதான் இருந்தான். ரப்பர் தோட்டத்தில் வேலைநிறுத்தம் செய்து உள்ளே போனவன். இரண்டு தெத் புத்தாண்டுப் பண்டிகை கடந்தும் ஒரு தகவலும் இல்லை.

(அவளை அழவைக்கலாமா என்று நினைத்தேன். அவள் ஒத்துக்கொள்ளவில்லை. கரிப்புகையில் ஏற்கெனவே கண் சிவந்திருக்கிறது, அது போதும் என்றாள்.)

4

தொடர் முடியப்போகிறது என்று விளம்பரம் வந்ததும் எட்டக்கா ஒரு தட்டுச் சோற்றை மூடி எடுத்துக்கொண்டு அச்சகத்துக்குள் வந்தாள்.

"நாலண்ணே, சாப்பிடுங்க. அப்புறம் ஒண்ணு கேக்கணும்."

"கேளு, எட்டு."

"சாங்கைக் கொன்னுடாதீங்க."

நாலண்ணன் எடுத்த கவளத்தைத் தட்டிலேயே வைத்தார். அன்று காலையில்தான் கொன்றிருந்தார். தீவில் தனக்குப் பக்கத்தில் படுத்திருந்தவன் காய்ச்சலோடு கல்குவாரிக்கு இழுத்துச் செல்லப்பட்டு எப்படிச் செத்தானோ, அப்படியே.

"அது கதைம்மா" என்றார்.

"கதைதான். அதனாலதான் உங்க கிட்ட கேக்குறேன். நிஜம்னா யார் கிட்டப் போய்க் கேப்பேன்?"

5

வீட்டில் நாலண்ணியிடம் சொன்னார். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"சாங் மன்னிப்புக் கிடைச்சு ஊருக்கு வந்தான்னு எழுதினா, துரைமாருக்கு மாலை போட்ட மாதிரி ஆயிடும். அங்க செத்தவங்க முகத்துல நான் எப்படி முழிப்பேன்?"

"செத்தவங்களா காத்துட்டு உக்காந்திருக்காங்க? அவதானே உக்காந்திருக்கா."

"உண்மைன்னு ஒண்ணு இருக்குல்ல?"

"உங்க உண்மை! போன தொடர்ல மூணு பேரக் கொன்னீங்க. இந்தத் தொடர்ல மாடு முதக்கொண்டு செத்துப்போச்சு. நான் மட்டும்தான் இந்த வீட்ல உயிரோட இருக்கேன், அதுவும் உங்க கதையில வராததால."

சிரித்துவிட்டார். ஆனாலும் வரியை மாற்றவில்லை. நான் இங்கே இரண்டு நாள் எழுதாமல் இருந்தேன். எட்டக்கா பக்கம் நிற்பதா, இவர் பக்கமா? இருவருமே சரியாக இருக்கிறார்களே, என்ன செய்ய?

6

கடைசி அத்தியாயம் தணிக்கைக்குப் போய்த் திரும்பியது. காய்ச்சல், மருந்து கேட்டது, அடித்தது, செத்தது, கடலோரம் புதைத்தது எல்லாவற்றின் மேலும் கோடு. அந்த ஊரில் அரசாங்கச் சிறையில் யாரும் சாவதில்லை.

அச்சில் மிஞ்சியது இதுதான்: சாங் விடியலில் எழுந்து சட்டையை மாட்டினான். பிறகு நீளமான வெள்ளை. பிறகு, 'படகு துறையை நெருங்கியது. அவன் மனைவி எழுந்து நின்றாள்.'

நாலண்ணன் எழுதிய படகில் சாங்கின் துணிமூட்டை மட்டும்தான் வந்தது. அந்த வரியும் போய்விட்டது.

7

அவர் கடைக்குப் போனார். போகாமல் இருக்க முடியவில்லை. பத்தண்ணன் வாசித்தார், ஓட்டை வந்ததும் பலகையைத் தட்டினார். இந்த முறை வண்டி இழுப்பவர்கள் தட்டைக் கீழே வைத்தார்கள். எல்லோரும் எட்டக்காவைப் பார்த்தார்கள். எட்டக்கா நாலண்ணனைப் பார்த்தாள்.

"அண்ணே, இங்க என்ன எழுதியிருந்தீங்க?"

இந்த இடத்துக்கு மூன்று முடிவு எழுதிப்பார்த்தேன். ஒன்றில் அவர் பொய் சொன்னார். எனக்கு அவரைப் பிடிக்காமல் போனது. ஒன்றில் உண்மையைச் சொன்னார், அப்போதும் பிடிக்கவில்லை. மூன்றாவதில் வாயைத் திறந்தார், சத்தம் வரவில்லை. அதையே வைத்துக்கொண்டேன்.

எட்டக்கா விசிறியைக் கீழே வைத்தாள்.

"சொல்ல வேணாம். அவன் நல்லபடியா வந்தான்னு எழுதியிருந்தா வெட்டியிருக்க மாட்டானுங்க."

யாரோ இருமினார்கள்.

"உங்களுக்குத் தெரிஞ்சத எழுதியிருக்கீங்க. எழுதாம இருந்தா நீங்க நாலண்ணன் இல்ல" என்றாள். "ஆனா வெட்டுனது வெட்டுனதுதான். இப்ப அந்த இடம் உங்களுதும் இல்ல, அவனுங்களுதும் இல்ல. நகருங்க, நான் சொல்றேன்."

இடுப்புத் துணியில் கையைத் துடைத்துக்கொண்டு, பத்தண்ணன் பக்கத்தில் குந்தினாள். முதன்முறையாக ஒரு ஓட்டையை நிரப்பினாள். நாலண்ணன் தட்டைத் தள்ளிவைத்துவிட்டு, பள்ளிப் பிள்ளை மாதிரி கேட்டார்.

அவள் சொன்னது:

[


]

8

எழுதினேன். வாசித்துப் பார்த்தேன். அழித்துவிட்டேன். யாரும் கோடு போடவில்லை, நானேதான். அது எட்டக்காவின் இடம். அவள் நகர்ந்தால் உங்கள் இடம். படகு துறையை நெருங்கிக்கொண்டிருக்கிறது. அதில் யார் வருகிறார்கள் என்று நீங்களே சொல்லுங்கள், நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

உங்கள் வீட்டில் யாராவது தூரத்தில் இருந்தால், அவர் தன் காலாலேயே நடந்துவந்து உங்கள் படியேறட்டும். வருகிற அன்று அடுப்பில் சோறு சூடாக இருக்கட்டும், சாப்பிட வாருங்கள் என்று அவர் பேரைச் சொல்லிக் கூப்பிட வீடு நிறைய ஆள் இருக்கட்டும்.