இரண்டாம் நம்பர் ஃபர்னஸின் ஆறு பாயிண்டுகள்

பழைய இரும்புக்காரரின் லாரியில் ஏறிப்போய் மூன்று வருடமாகிவிட்ட இரண்டாம் நம்பர் ஃபர்னஸ், ஆயுத பூஜைக்கு மறுநாள் காலை, ஓசூர் கியர் தொழிற்சாலையின் கண்ட்ரோல் ரூம் திரையில் எண்ணூற்று நாற்பது டிகிரியில் எரிந்துகொண்டிருந்தது. கீழே ஷெட்டில் அது இருந்த இடத்தில் காலி அட்டைப்பெட்டிகள்தான் அடுக்கியிருந்தன. தொட்டுப் பார்த்தவர்கள் சில்லென்று இருப்பதாகச் சொன்னார்கள்.

எல்லாம் சென்னப்பனின் கைங்கரியம். பராமரிப்புப் பிரிவில் மூத்தவரான அவர், பூஜையன்று லேத் முதல் ஸ்பேனர் வரை ஒன்றையும் விடாமல் சந்தனம் பூசிப் பொட்டு வைப்பவர். அவருக்குப் பயந்துதான் கண்ட்ரோல் ரூம் ஆபரேட்டர் கௌசர், கம்ப்யூட்டரில் செருகியிருக்கும் லைசென்ஸ் கீயை வருடா வருடம் முன்கூட்டியே கழற்றிக் கைப்பையில் போட்டுக்கொள்வாள். கட்டைவிரல் அளவுள்ள அந்தக் கீ இல்லாமல் சாஃப்ட்வேர் ஓடாது. இந்த முறை அவள் ஊத்தங்கரையில் தங்கை ஃபிசாவின் நிக்காவுக்குப் போயிருந்தாள்; கம்ப்யூட்டரிலேயே இருந்த கீக்கும் சந்தனம், பொட்டு ஏறிவிட்டது.

"அதுவும் ஆயுதந்தானேம்மா, அத மட்டும் உட்டுட்டா அதுக்கு மனசு கஷ்டமா இருக்காதா?" என்றார் சென்னப்பன்.

திரையில் வெப்பத்தின் கோடு ஏறி இறங்குவதைப் பார்த்தே, ஃபர்னஸ் கதவைத் திறந்தது யார் என்று கௌசர் சொல்லிவிடுவாள். வெடுக்கென்று இறங்கி ஏறினால் தங்கதுரை, அவசரக்காரர். லேசாகச் சரிந்து, சோம்பலாகக் கிடந்து, பிறகு ஏறினால் அவள் கணவன் சாஜித். மதியத்தில் கதவை ஒரு விரற்கடை திறந்துவைத்து சப்பாத்தியைச் சூடு பண்ணுவான். ஃபர்னஸ் போன அதே வருடம் குருபரப்பள்ளி அருகே லாரி மோதி அவனும் போய்விட்டான். அந்தச் சரிவைத் திரும்பக் கண்டதும் கௌசர் வாய்விட்டு அழுதாள். விஷயம் பரவி, ஓய்வுபெற்றவர்களெல்லாம் வந்து தங்கள் பழைய ஷிப்டைப் பார்த்துவிட்டுப் போனார்கள். "அந்தச் சத்தத்துல கத்திக் கத்திப் பழகி, இன்னும் ஊட்ல கத்தறேன். ஆனாலும் நல்ல காலம்மா அது" என்று தங்கதுரை மூக்கை உறிஞ்சினார்.

பிறகு லைசென்ஸைச் சரிபார்க்க பெங்களூரிலிருந்து சுரேந்தர் வந்தார். ஐந்நூறு பாயிண்டுக்குத்தான் உரிமம். அதாவது ஐந்நூறு அளவீடுகளைத்தான் திரையில் வைத்துக்கொள்ளலாம். இருந்ததோ ஐந்நூற்று ஆறு.

"இல்லாத மிஷினா இருந்தாலும் பாயிண்ட் பாயிண்ட்தான் மேடம். ஆற எடுத்துடுங்க, இல்லன்னா வெள்ளிக்கிழம சாஃப்ட்வேர் நின்னுரும்."

ஃபர்னஸையே எடுக்கச் சொன்னார் மேனேஜர் நவீன்குமார். கெட்டவரல்ல, ஆலை ஓட வேண்டுமே.

"சார், என் ரூம் ஏசிக்கே ஆறு பாயிண்ட் போவுது. அத எடுத்துக்கலாம், இத உட்ருங்க."

"ஏசி அப்பறம் ஓடாதேக்கா. ரூம்ல உக்கார முடியாது, வெந்துருவீங்க."

"வெந்தா வேவுறேன் சார்."

சுரேந்தர் மறுபடி எண்ணினார். ஐந்நூறு. கையெழுத்துப் போட்டுவிட்டு பஸ் ஏறினார்.

ஒருவர் திரையையும் ஒருவர் ஃபர்னஸையும் பார்த்தாக வேண்டுமென்பதால், பதினோரு வருடம் ஒரே ஷிப்டில் இருந்தும் கௌசரும் சாஜித்தும் ஆலையில் ஒரு நாளும் சேர்ந்து சாப்பிட்டதில்லை. இப்போது மதியம் கோடு சரியும்போது, வியர்வை வழிய அவள் டிபன் பாக்ஸைத் திறந்து வைத்துக் காத்திருக்கிறாள். கோடு ஏறத் தொடங்கினால் அவன் கதவைச் சாத்திவிட்டு உட்கார்ந்துவிட்டான் என்று அர்த்தம். அதற்குப் பிறகுதான் முதல் வாய் சோற்றை எடுக்கிறாள்.