எழுதியவர் பெயர்

மடியில் பொதி. பொதியின் மேல் என் இரண்டு கைகளும். மூன்று இருக்கைகள் முன்னால் மயில்வாகனம் மாஸ்டர். செட்டிகுளத்திலிருந்து வவுனியா போகும் காலை பஸ்ஸில் அன்றைக்கு நாங்கள் இருவரும் ஒரே இடத்துக்குத்தான் போய்க்கொண்டிருந்தோம்: சட்டத்தரணி விமலேஸ்வரியின் அறைக்கு. பத்து மணிக்கு ஒரு சமாதான நீதவான் முன்னிலையில், மாஸ்டரின் கண்ணெதிரே இந்தப் பொதியை உடைப்பதாக ஏற்பாடு. உடைத்தால் அவர் கள்ளன் என்று தெரிந்துவிடும். அதனால் ஒரு தடவைகூட என் பக்கம் திரும்பவில்லை. திரும்பவும் வேண்டாம், அவர் பிடரி வியர்த்து ஒழுகியதே எனக்குப் போதும்.

பொதிக்குள் என்ன என்று சொல்லிவிடுகிறேன். ஆறு கொப்பிகள். நான் எழுதிய கதை. எழுபத்தேழுக் கலவரத்தில் எங்கள் மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தில், நாங்கள் குடியிருந்த வரிசை வீடுகளான லயத்துக்கு நெருப்பு வைத்தார்கள். நான் கதவைப் பூட்டி, சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு ஓடி வந்தேன். "வீடே எரியுது, இவ பூட்டிட்டு வாறா" என்று என் புருஷன் மூக்கன் இன்றைக்கும் கேலி செய்வான். அந்தச் சாவியை வைத்துத்தான் கதை. பகலில் மாஸ்டரின் வயலில் களை பிடுங்குவேன், பொழுது சாய அடுப்படியில் குந்தி எழுதுவேன். ஐந்தாம் வகுப்புப் படிப்புத்தான். இரண்டு வருஷம் பிடித்தது. 'ஏழாம் லயத்துப் பூட்டு' என்று பெயர் வைத்தேன்.

மாஸ்டர் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து குளத்துக்குக் கீழே காணி எடுத்தவர். படித்தவர். கூட்டம், மலர், பொன்னாடை என்று திரிபவர். பிழை திருத்தித் தருகிறேன் என்றார். கும்பிட்டுக் கொடுத்தேன். நல்ல காலம், கொடுத்தது நான் பார்த்தெழுதிய பிரதி. மூலக் கொப்பிகளைக் கட்டி எனக்கே பதிவுத் தபாலில் அனுப்பச் சொன்னவர் தபால் கந்தோர் இளையதம்பி ஐயா.

"பிள்ளை, அரக்கும் தேதி முத்திரையும் விழுந்தால் அது ஒரு சாட்சி. கைக்கு வந்தாப் பிறகு உடைச்சுப் போடாதையுங்கோ. உடைச்சால் வெறுங் கடதாசி" என்றார்.

முத்திரை விழுந்த தேதி எண்பத்திரண்டு, மார்ச் பன்னிரண்டு. நாலு வருஷமாக நான் அதை உடைக்கவில்லை. வெள்ளம் வந்தபோது அரிசியை விட்டுவிட்டு இதைத்தான் தலையில் தூக்கினேன்.

போன வருஷம் புத்தகம் வந்தது. மெட்ராஸில் அச்சடித்த புத்தகம். அட்டையில் எரிகிற லயம். பின்னட்டையில் மாஸ்டரின் சிரித்த படம். எழுதியவர் மயில்வாகனமாம்! வாசித்துப் பார்த்தேன். ஒவ்வொரு வரியும் என் வரி. செய்த திருத்தம் ஒன்றே ஒன்று: கதை நாயகி, என் மாரியாயி, வாயைத் திறந்தால் 'ஓம்' என்கிறாள், 'எண்டு' என்கிறாள். தோட்டத்தில் பிறந்து கொழுந்து பறித்தவள், யாழ்ப்பாணத்துப் பேச்சுப் பேசுகிறாள். களவெடுத்ததைக்கூட ஒருநாள் மன்னித்தாலும் மன்னிப்பேன், இதை மன்னிக்க மாட்டேன். வயிறு எரிய அவர் வீட்டுக்குப் போனேன். முற்றத்தில் நிற்க வைத்தே பதில் சொன்னார்.

"ராக்காயி எண்டு பேரைப் போட்டால் ஆர் வாங்குவினம்? உன்ரை கதையைக் கடல் கடந்து கொண்டுபோனது நான். அதுக்கு நன்றி சொல்லு."

ஊரும் அவரைத்தான் நம்பியது. களை பிடுங்குகிறவள் புத்தகம் எழுதினாளாம் என்று கிணற்றடியில் சிரித்தார்கள். சிரிக்காமல் கேட்டவர் விமலேஸ்வரி அம்மா ஒருவர்தான்.

"நீங்கள் எங்கையும் பதியத் தேவையில்லை, ராக்காயி. எழுதின நேரமே அது உங்கடை. சுவிஸ் நாட்டிலை பேர்ண் எண்டொரு நகரம். சரியா நூறு வருசத்துக்கு முன்னம் நாடுகள் கூடி அங்கை ஒப்பந்தம் செய்தவை. ஒரு நாட்டிலை எழுதினதை மற்ற நாட்டிலை களவெடுக்க ஏலாது. இந்தியாவும் அதிலை இருக்கு, நாங்களும் இருக்கிறம். மெட்ராஸ் பதிப்பகத்துக்கு நான் எழுதுவன். ஆனால் எழுதினது நீங்கள்தான் எண்டு காட்டோணும். உங்களுக்கு என்ன வேணும்?"

"பேருங்கம்மா. அட்டையில என் பேரு. வேற ஒண்ணும் வேணாம்" என்றேன்.

பட்டணத்துக்கு இரண்டு மைல் இருக்கும்போது பஸ் நின்றது. சோதனைக்காக ஆமிப் படையினர் மறித்திருந்தார்கள். எல்லோரும் இறங்கி, பையைத் திறந்து காட்டி, வரிசையில் நடக்க வேண்டும். வெயில் சுட்டது. இளவயது அதிகாரி ஒருவர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார். பக்கத்தில் தமிழ் பேசும் பொலிஸ் சார்ஜன்ட். அவர் பேச்சைக் கேட்டதுமே மலைநாட்டில் வேலை செய்தவர் என்று கண்டுகொண்டேன்.

"என்னா இது?" என்று பொதியைக் காட்டிக் கேட்டார் சார்ஜன்ட்.

"கொப்பிங்க சார்."

"தொற."

"தொறக்கக் கூடாதுங்க சார். வக்கீலம்மா முன்னாலதான் ஒடைக்கணும். ஒடைச்சா எல்லாம் போச்சுங்க."

அடி முட்டாளே! அரக்கு வைத்த பொதியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு திறக்க மாட்டேன் என்று ஒருத்தி அழுதால் ஆமிக்காரன் என்ன நினைப்பான்? எனக்கு அது அந்த நேரம் தோன்றவில்லை. சார்ஜன்ட் சிங்களத்தில் சொல்லி முடிப்பதற்குள் அதிகாரி பின்னால் போனார். துவக்குகள் என் பக்கம் திரும்பின. வரிசையில் நின்றவர்கள் ஐயோ என்று மதகடிக்கு ஓடினார்கள்.

"அம்மா, அசையாத." சார்ஜன்ட் மண்மூட்டைக்குப் பின்னாலிருந்து கத்தினார். "அந்தா, ரோட்டு நடுவுக்குப் போ. தனியாப் போ. நீயே தொற."

நடந்தேன். நாற்பது எட்டு இருக்கும். தாரில் முழங்காலிட்டுப் பொதியை வைத்தேன். குண்டு இல்லையென்று எனக்குத் தெரியும், அவர்களுக்குத் தெரியாது. கையை டக்கென்று இழுத்தால் சுட்டுவிடுவார்கள். ஆனாலும் சத்தியமாகச் சொல்கிறேன், எனக்குச் சாகப் பயமில்லை, அந்த அரக்கை உடைக்கத்தான் பயம். நாலு வருஷம் காத்ததை நடுரோட்டில் என் கையாலேயே உடைக்கச் சொல்கிறார்கள். அழுகையை மீறி ஆத்திரம் வந்தது. மதகுப் பக்கம் பார்த்துக் கத்தினேன்.

"மாஸ்டர் ஐயா! பாத்துக்கங்க! அரக்கு முழுசா இருக்கு! தேதி இருக்கு! எல்லாரும் பாத்துக்கங்க!"

மாஸ்டர் வானத்தைப் பார்த்தார். அவருக்கென்ன, கும்பிட்ட தெய்வம் நேரில் வந்த மாதிரி. அரக்கு உடைந்தால் பத்து மணிக்கு அவர் வீட்டில் இருந்து தேத்தண்ணி குடிக்கலாம்.

உடைத்தேன். அரக்கு தூளாக விழுந்தது. நூலை அறுத்து, கடதாசியை விரித்து, ஆறு கொப்பிகளையும் ஒவ்வொன்றாகத் தூக்கிக் காட்டினேன்.

அதோடு விட்டிருப்பார்கள். ஆனால் அதிகாரி சப்பாத்துக்காலால் ஒரு கொப்பியைப் புரட்டி, வாசி என்றார். சார்ஜன்ட் குனிந்து எடுத்து வாசித்தார். விரிந்த பக்கம் லயம் எரிகிற பக்கம். சீருடைக்காரர்கள் கைகட்டி வேடிக்கை பார்த்ததை நான் பார்த்தபடியே எழுதியிருந்தேன். சார்ஜன்டின் குரல் இறங்கிக்கொண்டே போனது. அதிகாரியின் முகம் கறுத்தது. என் பையை உதறச் சொன்னார். ஒத்துப்பார்க்கக் கொண்டுவந்த மெட்ராஸ் புத்தகம் விழுந்தது. அட்டையில் நெருப்பு. திருப்பினார். பின்னட்டையில் சிரித்த படம்.

அவர் படத்தைப் பார்த்தார். பிறகு மதகடியில் நின்றவர்களை ஒவ்வொருவராகப் பார்த்துக்கொண்டு வந்தார். மாஸ்டர் ஒரு கிழவரின் முதுகுக்குப் பின்னால் ஒதுங்கினார். இரண்டு பேர் போய்ச் சட்டையில் பிடித்து இழுத்து வந்தார்கள்.

"உங்க பொத்தகமா?" என்றார் சார்ஜன்ட்.

"இல்லைச் சேர்! ஆணையா இல்லை!" மாஸ்டர் இரண்டு கைகளையும் தூக்கினார். "நான் ஒரு வரியும் எழுதேல்லை. பேரை மட்டும்தான் போட்டனான். இவள்தான் எழுதினவள், ராக்காயி. அந்தக் கொப்பியைப் பாருங்கோ, இவளின்ரை கையெழுத்து. கட்டியிருந்த கடதாசியிலை தேதியைப் பாருங்கோ, எண்பத்திரண்டு, மார்ச் பன்னிரண்டு! என்ரை புத்தகம் போன வருசம்தான் வந்தது. யோசிச்சுப் பாருங்கோ சேர், ஆர் எழுதியிருப்பினம்?"

அடேயப்பா! விமலேஸ்வரி அம்மாகூட இவ்வளவு வடிவாக வாதாடியிருக்க மாட்டார். அறைக்குள் நாலு பேர் முன்னால் நடக்க வேண்டியது, முப்பது பேர் பார்க்க நடுரோட்டில் நடந்தது.

அதிகாரி ஏதோ சொன்னார். சார்ஜன்ட் கரிக்கடதாசி வைத்த புத்தகத்தை எடுத்து, மாஸ்டர் சொன்னதையெல்லாம் தமிழில் எழுதிக் கையெழுத்து வாங்கினார். மாஸ்டர் வாசித்தும் பார்க்காமல் போட்டார். பிறகு சார்ஜன்ட் என்னிடம் வந்தார். குரலைத் தாழ்த்தினார்.

"அம்மா, நல்லாக் கேளு. இத எழுதுனவங்களக் கொண்டு போகச் சொல்றாங்க. பொத்தகத்துல அவர் பேருதான் இருக்கு, அவர் படந்தான் இருக்கு. நீ கூலிக்காரி, எழுதப் படிக்கத் தெரியாதுன்னு சொல்லு. அவர் குடுத்ததத் தூக்கிட்டு வந்தேன்னு சொல்லு. ஒன்ன விட்டுருவாங்க."

ஒரே ஒரு சொல். தெரியாது என்று சொன்னால் நான் அடுத்த பஸ்ஸில் மூக்கனிடம் போய்விடலாம். களவெடுத்தவர் களவோடு ஆமி லொறியில் ஏறுவார். அவருக்கு இதைவிடப் பொருத்தமான தண்டனை எந்தக் கோர்ட் கொடுக்கும்? மாஸ்டர் என்னைப் பார்த்தார். முதல் தடவையாகக் கும்பிட்டார். பாவமாக இருந்தது என்று சொல்ல மாட்டேன். இல்லை. நான் வாயைத் திறந்தது அவருக்காக இல்லை.

தாரில் என் கொப்பிகள் விரிந்து கிடந்தன. மாரியாயி அதற்குள் என் பாஷையில் பேசிக்கொண்டிருந்தாள்.

"நான்தாங்க எழுதுனேன்" என்றேன். "முழுசும் நான்தான்."

சார்ஜன்ட் கண்ணை மூடித் திறந்தார். அதிகாரிக்குச் சொன்னார். லொறி உறுமியது. மாஸ்டரை விட்டுவிட்டார்கள். அவர் பஸ்ஸை நோக்கி ஓடியே போனார்.

"ஏறு" என்றார் சார்ஜன்ட்.

"சார், அந்த ஐயா கையெழுத்துப் போட்டாரே, அதுல எனக்கு ஒரு பிரதி வேணும்."

"பைத்தியமா ஒனக்கு? எங்க கொண்டு போறாங்கன்னு தெரியுமா?"

"தெரியாதுங்க. கையெழுத்துத் தெளிவா இருக்கிறதாக் குடுங்க."

அதிகாரி மறுபக்கம் திரும்பியதும் சார்ஜன்ட் கரிக்கடதாசிக்கு அடியில் இருந்த தாளைக் கிழித்து என் கையில் திணித்தார். கரிநீலத்தில் தெளிவாகவே இருந்தது. எழுதியவர்: ராக்காயி, செட்டிகுளம். மடித்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டு லொறியில் ஏறினேன்.