கை வைத்த காய்

வீட்டில் அவளை நண்டு என்றுதான் கூப்பிடுவார்கள். சின்ன வயதில் சதுரங்கப் பலகையில் எந்தக் காயைக் கொடுத்தாலும் பக்கவாட்டிலேயே நகர்த்துவாள் என்று அக்கா வைத்த பெயர். வயது முப்பத்து மூன்றாகியும் அது போகவில்லை. கிராண்ட்மாஸ்டர் பட்டமும் வரவில்லை. பட்டத்துக்கு மூன்று நார்ம் வேண்டும். மூன்று பெரிய போட்டிகளில் பட்டக்காரர்களோடு மோதி, அவர்களுக்குச் சளைத்தவள் இல்லை என்று காட்டியதற்கான சான்று அது. இரண்டைப் பத்தொன்பது வயதுக்குள் வாங்கிவிட்டாள். மூன்றாவதுதான் பதினான்கு வருடமாகப் போக்குக் காட்டிக்கொண்டிருந்தது.

இன்று கடைசிச் சுற்று. ஜெயித்தால் நார்ம். டிரா என்றால் பெட்டியைக் கட்டிக்கொண்டு கிளம்ப வேண்டியதுதான்.

எதிரே உட்கார்ந்திருந்தவர் லேசுப்பட்ட ஆளில்லை. பதினெட்டு வயதில் கிராண்ட்மாஸ்டர், மூன்று முறை தேசிய சாம்பியன், ஏழு ஒலிம்பியாடில் முதல் பலகை. அவருடைய ஆட்டங்களின் புத்தகத்தை அவள் பள்ளிக்கூட நாட்களில் அட்டை கழன்று விழும்வரை படித்திருக்கிறாள். மண்டபத்தில் எல்லாரும் அவரைப் பெரியவர் என்பார்கள். அவர் நாற்காலியை இழுத்தால்கூட இரண்டு பேர் ஓடி வந்து பிடித்தார்கள்.

அந்தப் பெரியவரைத்தான் அவள் நான்கு மணி நேரமாகப் பிழிந்து எடுத்திருந்தாள். ஒரு சிப்பாய் கூடுதல், யானையும் நல்ல இடத்தில். நேரம்தான் குறைச்சல். நாற்பது நகர்த்தலைத் தாண்டினால் கடிகாரத்தில் அரை மணி ஏறும். அதுவரை ஒப்பேற்றலாம் என்று யானையை முன்னும் பின்னும் தள்ளினாள். ஆட்டக்காரர்கள் எல்லாரும் செய்கிற வேலைதான். எண்ணிக்கையில்தான் கோட்டை விட்டாள். அதே நிலை ஒரு முறைதான் வந்திருக்கிறது என்று அவள் நினைக்க, அது மூன்றாவது முறையாக வரப்போனது.

மூன்று முறை வந்தால் டிரா கேட்கலாம். ஆனால் கேட்பதற்கு ஒரு முறை இருக்கிறது. நகர்த்தப்போவதைத் தாளில் எழுதிவிட்டு, காயைத் தொடாமல் நடுவரைக் கூப்பிட வேண்டும். தொட்டுவிட்டால் அந்த உரிமை போயிற்று.

பெரியவர் ராஜாவை எடுத்தார், வைத்தார், அப்புறம்தான் கையைத் தூக்கினார்.

"டிரா. மூணு தடவ வந்தாச்சு."

தலைமை நடுவர் இரண்டடி தள்ளித்தான் நின்றிருந்தார். எல்லாவற்றையும் பார்த்திருந்தார். கடிகாரத்தை நிறுத்தினார், தாள்களைப் புரட்டினார், தலையாட்டினார்.

"சரியாத்தான் இருக்கு. டிரா."

நண்டுவுக்கு உச்சந்தலை கொதித்தது.

"சார், அவர் காய நகத்திட்டுத்தான கேட்டாரு. நீங்க பாத்துக்கிட்டுத்தான இருந்தீங்க."

"பாத்தேம்மா. இருந்தாலும் அவரோட நோக்கம் என்னன்னு தெரியுதில்ல? நாப்பது வருஷமா ஆடறவர். அவர்கிட்டப் போயி இதையெல்லாம் நோண்டிக்கிட்டு."

நோக்கமாம். பத்தொன்பது வயதில், இதே மாதிரி ஒரு மண்டபத்தில், ஒரு வெளிநாட்டு கிராண்ட்மாஸ்டருக்கு எதிராக அவளுக்கும் நோக்கம் இருந்தது. அன்றைக்கு டிரா போதும், மூன்றாவது நார்ம் கைக்கு வந்துவிடும். மூன்றாவது முறை வந்ததும் சந்தோஷத்தில் கை முந்திக்கொண்டது. குதிரையை வைத்துவிட்டு டிரா என்றாள். வந்து நின்ற நடுவர் இதே மனிதர்தான், அப்போது தலை நரைக்கவில்லை. 'கைய வச்சா வச்சதுதாம்மா. விதி எல்லாருக்கும் ஒண்ணு' என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அந்த ஆட்டத்தில் அவள் தோற்றாள்.

இப்போது பெரியவர் சிரித்தார். "என்ன குழந்த, ஒரு டிராவுக்கு இவ்ளோ பிடிவாதமா?"

"நான் குழந்த இல்ல சார். உங்ககூட ஆடறவ." நடுவர் பக்கம் திரும்பினாள். "சரி, எழுதிக் குடுங்க. காயத் தொட்டதுக்கு அப்புறமும் டிரா கேக்கலாம்னு எழுதி, கீழ கையெழுத்துப் போடுங்க. நான் முறையீட்டுக் குழுவுல காட்டிக்கிறேன்."

பக்கத்துப் பலகைக்காரர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். நடுவர் சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்தார். மூடியைத் திறந்தார். பிறகு மூடினார்.

"ஆட்டம் தொடரட்டும்," என்று முணுமுணுத்துவிட்டு, பெரியவரின் தவறான கோரிக்கைக்குத் தண்டமாக அவள் கடிகாரத்தில் இரண்டு நிமிடம் கூட்டினார்.

கோபத்தில் கை பரபரத்தது. இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டாள். முதலில் எழுத்துக் கூட்டுகிற பிள்ளை மாதிரி ஒவ்வொரு கட்டமாகக் கணக்குப் போட்டாள். அதன் பிறகுதான் கையை வெளியே எடுத்து யானையை வேறு இடத்துக்குக் கொண்டுபோனாள். அறுபத்து மூன்றாவது நகர்த்தலில் பெரியவர் தோல்வியை ஒப்புக்கொண்டு கை நீட்டினார். நன்றாக ஆடினாய் என்றுகூடச் சொல்லவில்லை. தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டு எழுந்து போனார். நாற்காலியை நகர்த்த இரண்டு பேர் வந்தார்கள்.

நடுவர் அறையில் ஒரு பிரிண்டரும் ஆறிப்போன தேநீர்க் கோப்பைகளும் இருந்தன. நார்ம் சான்றிதழில் கையெழுத்துப் போட்டு அவள் பக்கம் தள்ளினார்.

"இப்ப சந்தோஷம்தானம்மா?"

"பதினாலு வருஷத்துக்கு முன்னாடி என்னை ஞாபகமிருக்கா சார்? குதிரைய வச்சிட்டு டிரா கேட்டேன். கைய வச்சா வச்சதுதான்னு சொன்னீங்க."

அவர் நெற்றியைச் சுருக்கி யோசித்தார். "எத்தன பேரப் பாக்குறோம். ஞாபகமில்லயேம்மா."

"முத்திரை வைக்கல சார்," என்றாள். வைத்துக் கொடுத்தார். வாங்கிக்கொண்டு வெளியே வந்தாள்.

வாசல் பெஞ்சில் அக்கா இவள் செல்போனையும் பையையும் மடியில் வைத்துக் காத்திருந்தாள். ஆஸ்பத்திரியில் நர்ஸ் வேலை. தங்கைக்காக மூன்று நாள் விடுப்பு போட்டு வந்தவள். தாளைப் பிடுங்கிப் பார்த்தாள், மறுபடியும் பார்த்தாள், தங்கையை இறுக்கிக் கட்டிக்கொண்டாள்.

"அடிப்பாவி, வாங்கிட்டியேடி. அப்புறம் ஏன்டி மூஞ்சிய இப்படித் தூக்கி வச்சிருக்க?"

நண்டு பெஞ்சில் பொத்தென்று உட்கார்ந்தாள்.

"பதினாலு வருஷமா என் கையத்தான்க்கா திட்டிக்கிட்டு இருந்தேன். அந்தாளு மேல எனக்குக் கோவமே வந்ததில்ல. எல்லாருக்கும் ஒரே மாதிரி சொல்ற மனுஷன்னு நெனச்சிட்டேன்."