எலுமிச்சை மரத்தடி வாசல்

என் வீட்டுக்காரர் என் அம்மாவின் நிலத்தைத் தோண்டினார். ஊரில் பாதிப்பேர் என்னைப் பாவமாகப் பார்த்தார்கள். மீதிப்பேர் புதையல் கிடைத்ததா என்று காதோடு கேட்டார்கள். அந்தக் காலத்தில் பழைய மண்மேட்டைத் தோண்டுகிறவன் ஒன்று பேராசைக்காரன், இல்லாவிட்டால் கிறுக்கன். தொல்லியல் என்ற சொல் யார் வாயிலும் நுழையவில்லை. பள்ளிக்கூடத்தில் ஓவியம் சொல்லிக்கொடுத்துக்கொண்டு மானமாக இருந்த மனிதர், மழை அரித்த மேட்டுச் சரிவில் செங்கல் வரிசை ஒன்றைப் பார்த்துத் தொலைத்தார். அவ்வளவுதான். வேலையை விட்டார், மண்வெட்டியைத் தூக்கினார். மண் தட்டுவதற்கென்று போனதில் வீட்டில் துணி தேய்க்கும் பிரஷ் ஒன்றுகூட மிஞ்சவில்லை.

அம்மா போட்டது ஒரே நிபந்தனை.

"எங்க வேணா தோண்டுங்க மாப்பிள்ளை. அந்த எலுமிச்சை மரத்துல மட்டும் கை வெக்கக் கூடாது."

அது என் அப்பா நட்ட மரம். அது காய்ப்பதற்குள் அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். "அந்த மனுஷன் ஆயுசுல உருப்படியா செஞ்சது இது ஒண்ணுதான்" என்பாள் அம்மா, என்னைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே.

தோண்டத் தோண்ட ஒரு கட்டடம் வெளியே வந்தது. செங்கல் பாவிய தரை, ஆள் உயரச் சுவர். மூன்று பக்கச் சுவர் முழுசாகக் கிடைத்தது. நாலாவது சுவரின் நட்டநடுவில் எலுமிச்சை மரம். சுற்றிலும் மண்ணை எடுத்ததில் அது மட்டும் ஒரு பெரிய மண் திட்டின் தலையில் ஏறி நின்றது.

வந்தது வினை. கட்டடத்துக்கு வாசலே இல்லை. "இது வீடு. வாசல் மரத்துக்கு அடியில இருக்கு" என்று என் வீட்டுக்காரர் பார்த்தவர்களிடமெல்லாம் சொன்னார். ஒருத்தரும் நம்பவில்லை. கூலியாட்களை வேலை வாங்குகிற மேஸ்திரி நம்பவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கே நம்பிக்கை இல்லை. அது அவருக்கும் தெரியும். அதனால்தான் என்னிடம் மட்டும் வாசலைப் பற்றிப் பேசவே மாட்டார்.

பழங்காசு சேகரிக்கிற வக்கீல் ஒருவர் வந்து பள்ளத்தை எட்டிப் பார்த்தார். "வாசல் இல்லாத வீட்டுல யார் சார் குடியிருந்தாங்க, பல்லியா? இது தண்ணித் தொட்டி" என்றார். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் அவருக்குத் தொட்டி வக்கீல் என்று பெயர். அந்த ஆள் சும்மா இருந்தாரா? தோண்ட அனுமதி கொடுக்கிற அகழாய்வுச் சங்கத்துக்கு எழுதிப் போட்டுவிட்டார். சங்கத் தலைவரே நேரில் வருகிறார் என்று பதில் வந்தது. என் வீட்டுக்காரர் சொன்னது தப்பு என்று தெரிந்தால், மிச்ச மேட்டைத் தோண்டும் வேலை முழுக்கத் தொட்டி வக்கீல் கைக்குப் போய்விடும்.

மரத்தை வெட்ட விடச் சொல்லி என் வீட்டுக்காரர் அம்மாவின் காலில் விழாத குறை. அம்மா அசையவில்லை. தினமும் காலையில் ஏணி வைத்துத் திட்டின் மேல் ஏறி மரத்துக்குத் தண்ணீர் ஊற்றுவாள். கீழே அவர் அப்போதுதான் பிரஷ்ஷால் தட்டிச் சுத்தம் செய்த தரையில் சேறு சொட்டும்.

"அத்தை, கொஞ்சம் பாத்து ஊத்துங்களேன்!"

"மரத்துக்கு எப்படி ஊத்தணும்னு எனக்குப் பாடம் எடுக்காதீங்க."

"ஏம்மா, இந்த வயசுல ஏணி ஏறி விழுந்து தொலைச்சா என்னம்மா பண்றது?" என்று நான் கத்தினேன்.

"விழுந்தா அந்தக் குழியிலேயே போட்டு மூடிடுங்க. பின்னாடி ஒருத்தன் வந்து தோண்டி எடுத்து ராணின்னு சொல்லட்டும்."

இவளிடம் பேசி ஜெயிக்க முடியுமா?

தலைவர் வருவதற்கு முந்தின நாள் தொட்டி வக்கீல் நண்பர்களைக் கூட்டிக்கொண்டு வந்தார். கூலியாட்கள் முன்னாலேயே, "என்ன சார், தொட்டியில தண்ணி ரொப்பியாச்சா? எப்போ குளிக்க வரலாம்?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். மேஸ்திரியும் சிரித்தார். என் வீட்டுக்காரர் குனிந்து தரையைத் தட்டிக்கொண்டே இருந்தார். ஏணியின் மேலிருந்து அம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். இறங்கி வந்தவள் ஒரு வார்த்தை பேசவில்லை. ஜுரமோ என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தேன்.

மறுநாள் தலைவர் வந்தார். சுவரைப் பார்க்கவில்லை, தரையைப் பார்க்கவில்லை, நேராகத் திட்டின் முன்னால் போய் நின்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மேலிருந்து கீழ்வரை பார்த்தார்.

"இதை யார் விட்டு வெக்கச் சொன்னது?"

"எங்க அத்தைங்க ஐயா" என்றார் இவர்.

தலைவர் காதில் அது விழவே இல்லை. "மேல உழுத மண்ணு. அதுக்குக் கீழ வெள்ளம் கொண்டு வந்த வண்டல். அப்புறம் சாம்பல், அப்புறம் செங்கல் தூள். ஒண்ணு மேல ஒண்ணா அப்படியே நிக்குது! எல்லாரும் தோண்டி வாரிக் கொட்டிடறாங்க. நீங்க ஒருத்தர்தான் காலத்துக்குச் சாட்சி வெச்சிருக்கீங்க. மேடு முழுக்க நீங்களே தோண்டுங்க. ஆனா இந்தத் திட்டுல ஒரு கை மண்ணு குறையக் கூடாது. குறைஞ்சா வேலை உங்களுக்கு இல்ல."

தொட்டி வக்கீலின் முகம் சுருங்கிவிட்டது. "அப்போ இது வீடா, தொட்டியா?" என்றார் விடாமல்.

"எதுவா இருந்தா என்ன? தொட்டியாவே இருக்கட்டுமே" என்று சொல்லிவிட்டு, தலைவர் மறுபடி சாம்பலைப் பார்க்கப் போய்விட்டார்.

அந்த நேரம் பார்த்து அம்மா வந்தாள். கையில் கோடாலி. "தள்ளுங்க எல்லாரும்" என்று ஏணியில் கால் வைத்தாள்.

இத்தனை நாள் மரத்தை வெட்டச் சொல்லிக் கெஞ்சிய மனிதர் பாய்ந்து போய் ஏணியை மறித்துக்கொண்டு நின்றார். "ஐயோ, வேண்டாம் அத்தை! தொடாதீங்க!"

"வெட்டச் சொல்லிக் காலைப் புடிச்சீங்க. வெட்ட வந்தா கையைப் புடிக்கிறீங்க. உங்களுக்கு என்னதான் வேணும்?"

கோடாலியை வாங்குவதற்குள் எனக்கு மூச்சு வாங்கிவிட்டது. வந்தவர்கள் கிளம்பிப் போன பிறகு அம்மா திட்டின் அடியில் உட்கார்ந்து அழுதாள். அப்பா செத்தபோதுகூட அவள் அப்படி அழவில்லை. ராத்திரி முழுக்க மனசைக் கல்லாக்கிக்கொண்டு வந்தாளாம். இப்போது அதை இளக்க வழி தெரியவில்லையாம்.

இவர் அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். நினைத்த மேடு கிடைத்த மனிதரின் முகமாக அது இல்லை.

"இனிமே வாசலைப் பாக்கவே முடியாது, அத்தை. எல்லாரும் தொட்டின்னே சொல்லுவாங்க." தரையில் ஒட்டிய சேற்றை விரலால் சுரண்டிக்கொண்டே கேட்டார்: "நீங்களாவது இது வீடுன்னு நம்பறீங்களா?"

அம்மா மூக்கைச் சிந்திப் புடவையில் துடைத்தாள்.

"நம்பாமயா அவர் நட்ட மரத்தை வெட்ட வந்தேன்?"

எனக்கு எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை. மேஸ்திரி என்னைக் கூப்பிட்டதுபோல் பாவனை செய்துகொண்டு நகர்ந்து போனேன்.